குரலைக் கடன் வாங்கிய வில்லன்!

நண்பர்களே, 'கோல்டுஃபிங்கர்' பார்த்திருக்கிறீர்களா? 1964-ல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படம். பாண்டை மேஜையில் கட்டிப் போட்டிருப்பார்கள். கால் பக்கத்திலிருந்து லேசர் கதிர் மேஜையை அறுத்துக்கொண்டே வரும். பக்கத்தில் ஒரு குண்டு ஆசாமி, பால் கணக்கு பார்ப்பவர் மாதிரி நிதானமாக நிற்பார். ஹாஸ்டலில் நடு ராத்திரியில் பார்த்தபோது, "அடேயப்பா, என்ன குரல்டா இவனுக்கு!" என்று கத்தியது நான்தான்.

அந்தக் குரல் அவருடையதே இல்லையாம்!

அவர் பெயர் கெர்ட் ஃப்ரோபே. ஜெர்மன்காரர். ஆங்கிலம் அவ்வளவாக வராது. வசனத்தை ஒலியாக மனப்பாடம் செய்து பேசினார். பிறகு மைக்கேல் காலின்ஸ் என்ற ஆங்கில நடிகர் டப்பிங் கொடுத்தார். ஜெர்மன் பதிப்பில் மட்டும் ஃப்ரோபேயே தன் சொந்தக் குரலில் பேசினார். (மெக்கானிக்கல் நண்பர்களுக்கு ஒரு ரகசியம்: அந்த லேசரும் டூப்தான். மேஜைக்கு அடியில் ஒருவர் படுத்துக்கொண்டு டார்ச் வைத்து அறுத்தார். ஒளிக்கதிரைப் பிறகு சேர்த்தார்கள்.)

குரல் போனால் நடிகனிடம் என்ன மிச்சம்? அதைத் தெரிந்துகொள்ளத்தான் அவருடைய மற்ற படங்களைத் தேடினேன்.

1913-ல் சுவிக்காவ் நகருக்குப் பக்கத்தில் பிறந்தவர். முதலில் நாடக அரங்குகளுக்குத் திரைச்சீலை வரைந்தார். 1948-ல் 'பெர்லினர் பல்லாடே' படத்தில் போர் முடிந்து வீடு திரும்பும் சிப்பாயாக வருகிறார். நம்ப மாட்டீர்கள், ஆள் ஒட்டடைக்குச்சி! அந்தப் பாத்திரத்தின் பெயர் 'ஓட்டோ நார்மல்ஃபெர்பிராவுஹர்'. ஜெர்மன் மொழியில் சராசரி மனிதனைக் குறிக்க அந்தப் பெயரைத்தான் இன்றும் சொல்கிறார்கள். நம்ம ஊர் 'குப்பன் சுப்பன்' மாதிரி.

பத்து வருடம் கழித்து, 1958-ல், டியூரன்மாட் கதை வசனத்தில் ஒரு படம். குழந்தைகளைச் சாக்லேட் கொடுத்து ஏமாற்றிக் கொல்லும் கொலைகாரனாக நடித்தார். அதைப் பார்த்துத்தான் கோல்டுஃபிங்கர் வாய்ப்பு வந்தது. 1968-ல் 'சிட்டி சிட்டி பேங் பேங்'கில் கோமாளிப் பிரபு. 1974-ல் குழந்தைகள் படத்தில் திருடன் ஹோட்சென்பிளாட்ஸ். கடைசிக் காலத்தில் டி.வி. தொடர்களிலும் தலை காட்டினார். பயமுறுத்திய அதே முகத்தைப் பார்த்துக் குழந்தைகள் சிரித்தார்கள். சும்மா சொல்லக் கூடாது, அது பெரிய விஷயம்.

ஆனால் ஒரு விஷயம் என்னை உறுத்தியது. ஃப்ரோபே 1929-ல் நாஜிக் கட்சியில் சேர்ந்தவர். 1937-ல் விலகினார். 1965-ல் இது வெளியே தெரிந்ததும் இஸ்ரேல் அவர் படங்களைத் தடை செய்தது. அப்போது ஒரு யூதர் தானாகவே முன்வந்து, நாஜிக்கள் காலத்தில் தன்னையும் தன் தாயையும் ஒளித்து வைத்துக் காப்பாற்றியவர் இந்த ஃப்ரோபேதான் என்று சொன்னார். தடை நீங்கியது.

1929-ல் அவருக்கு வயது 16. பத்தாவது முடித்து நம்மில் பலர் முதலாமாண்டு சேருகிற வயது! அந்த வயதில் யார் கூப்பிட்டாலும் பின்னால் போயிருப்போம் என்று அவருக்காக வாதாட ஆசைதான். ஆனால் எட்டு வருடம் கட்சியில் இருந்தாரே? அதற்கு என்னிடம் பதில் இல்லை. கட்சியில் இருந்தவரும் அவர்தான், உயிரைக் காத்தவரும் அவர்தான். ஒன்றைக் கொண்டு மற்றதை அழிக்க எனக்கு மனம் வரவில்லை.

1988-ல் மியூனிக்கில் காலமானார். போன வாரம் அந்த லேசர் காட்சியை ஜெர்மன் பதிப்பில் பார்த்தேன். ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனால் இந்த முறை, பேசியது அவர்!