சிரிக்காத சபை

ராயப்பேட்டையில் ஒரு பணி ஓய்வு விழா. பெரியவர் ஒருவர் மைக்கில் ஜோக் அடித்தார். ஈ, காக்கா சத்தமில்லை. மனுஷர் அசரவில்லை. “வீட்ல சொன்னப்பவும் அவ இப்படித்தான் பார்த்தா!” சபை குலுங்கிவிட்டது. நாமாக இருந்தால் ஜோக்கை விளக்கத் தொடங்கியிருப்போம். அதைவிடக் கொடுமை கிடையாது.

பக்கத்து அண்ணா சாலையிலிருந்து வந்த ஆனந்த விகடனின் கதை வேறு. 1987-இல் அட்டையில் எம்.எல்.ஏ.க்களையும் மந்திரிகளையும் கிண்டலடித்து ஒரு ஜோக். சட்டசபைக்குச் சிரிப்பு வரவில்லை. ஆசிரியர் எஸ். பாலசுப்ரமணியனுக்கு மூன்று மாதச் சிறை! அப்போது சபாநாயகர் பி.எச். பாண்டியன். பத்திரிகை உலகம் கொதித்தெழ, சில நாளிலேயே விடுதலை. ஆசிரியர் மன்னிப்புக் கேட்கவில்லை (எதற்குக் கேட்க வேண்டும்?). வழக்குப் போட்டார். கைது தவறு என்று உயர் நீதிமன்றம் சொன்னது. நஷ்டஈடு 1,000 ரூபாய். தொகையா முக்கியம்?

அதிகாரத்தில் இருப்பவர்களைக் கிண்டலடித்தால் அப்படி நிமிர்ந்து நிற்கலாம். கல்யாண வீட்டில் சம்பந்தியம்மா முகம் சுருங்கினால் அந்த வீரம் எதற்கு? “தப்பா எடுத்துக்காதீங்கம்மா” என்று ஒரே ஒரு தடவை சொல்லிவிட்டு, நேராகப் பந்திக்குப் போய்விட வேண்டியதுதான்.