கையில் இல்லாததை விற்பது

பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவனுக்குச் சில சொற்கள் இன்னும் அந்த மொழியில்தான் முதலில் வரும். பங்குச் சந்தையில் 'ஷார்ட்' போவதைப் பிரெஞ்சில் 'வாந்த் அ தெகூவேர்' என்பார்கள். 'தெகூவேர்' என்றால் மூடாமல் திறந்து கிடப்பது. கையில் இல்லாத பங்கை விற்பவன் மழையில் கூரையில்லாமல் நிற்கிறான் என்று நான் பொருள் கொள்வேன். நெப்போலியன் காலத்து 1810 தண்டனைச் சட்டத்தில், அரசுப் பத்திரங்களை இப்படி விற்பது குற்றம். 1885இல்தான் அந்தச் சிக்கல் தீர்ந்தது.

புதுச்சேரிக் கடற்கரையில் என்னோடு நடக்க வரும் பென்ஷன்கார நண்பருக்கு இப்போது இதே பேச்சுதான். "சார், சந்தை இறங்கினாலும் சம்பாதிக்கலாமாமே?" பையன் போனில் கணக்குத் திறந்து கொடுத்திருக்கிறான். போட நினைப்பது கிராஜுவிட்டியில் மிச்சமிருக்கும் நாலு லட்சம்.

சம்பாதிக்கலாம்தான். காலையில் 100 ரூபாய்க்கு விற்று, மதியம் 90க்கு வாங்கினால் பத்து ரூபாய் லாபம். ஆனால் ரொக்கச் சந்தையில் நம்மைப் போன்றவர்கள் அன்றைக்கே திரும்ப வாங்கிக் கணக்கை முடித்துவிட வேண்டும். நாள்கணக்கில் காத்திருக்க வேண்டுமென்றால் ஃபியூச்சர்ஸ். பங்கை வாங்கினவனுக்கு நஷ்டம் போட்ட பணத்தோடு நிற்கும். விற்றவனுக்கு விலை ஏற ஏற நஷ்டமும் ஏறும். 2009 மே 18 நினைவிருக்கிறதா? தேர்தல் முடிவு வந்தபின் முதல் திங்கட்கிழமை. சென்செக்ஸ் 2,110 புள்ளி ஏறி, வர்த்தகமே நின்றுபோனது. விற்று வைத்திருந்தவர்கள் அன்று வாங்க நினைத்தாலும் வழியில்லை.

'புட்' ஆப்ஷனில் அந்தப் பயம் இல்லை; கட்டிய பிரீமியம்தான் போகும். 100 ரூபாய்ப் பங்குக்கு, மாதக் கடைசிவரை 95க்கு விற்கும் உரிமையை 3 ரூபாய் கொடுத்து வாங்குகிறோம் என்று வையுங்கள். 85க்கு விழுந்தால் 7 ரூபாய் லாபம். 96இல் முடிந்தால் மூன்றும் போச்சு. அடுத்த மாதம் 80க்கு விழுந்து என்ன பயன்? 2022 முதல் 2024 வரையிலான மூன்று நிதியாண்டுகளில், ஃபியூச்சர்ஸ், ஆப்ஷனில் இறங்கிய தனிநபர்களில் நூற்றுக்கு 93 பேருக்கு நஷ்டம், சராசரியாக ஆளுக்குச் சுமார் இரண்டு லட்சம் என்கிறது செபி.

புட்டை நான் மதிப்பது, கைவசமுள்ள பங்குக்குக் காப்பீடாக. நண்பரிடம் இருப்பதோ ஒரு வங்கியின் ஐம்பது பங்கு. ஆப்ஷனில் நூற்றுக்கணக்கான பங்குகள் சேர்ந்ததுதான் ஒரு 'லாட்'.

"இறங்கும் என்று பயமிருந்தால் அந்த ஐம்பதையும் விற்றுவிட்டுச் சும்மா இருக்கலாமே" என்றேன்.

"பையன் அதைச் சொல்லவே இல்லையே சார்" என்றார்.