உருளையின் வயது

கடலுள் மூழ்குவோர் முதுகில் சுமந்து செல்லும் உருளையில் பிராணவாயு அடைக்கப்பட்டிருப்பதாகவே பலரும் எண்ணுகின்றனர். பெரும்பாலும் அதில் இருப்பது நாம் அன்றாடம் சுவாசிக்கும் காற்றுதான்; பேரழுத்தத்தில் அடைபட்ட காற்று.

ஃபுளோரிடாவில் குடியேறிய பின்னர் நாமும் இக்கலையைப் பயின்றோம். ஒரே ஆண்டில் எஃகு உருளைகள் இரண்டு வாங்கினோம். ஒன்றை ஒவ்வொரு முழுக்குக்குப் பின்னும் நன்னீரில் கழுவி, உள்ளே சிறிது காற்றை எஞ்சவிட்டு, வால்வை மூடி, நிழலில் நிறுத்தி வந்தோம். மற்றதை நண்பர் ஒருவர் இரவல் பெற்றுச் சென்று, காற்று அறவே தீரும்வரை கடலுக்குள் பயன்படுத்தித் திருப்பித் தந்தார். அழுத்தமற்ற உருளைக்குள் கடல்நீர் புகக்கூடும் என்பதை நாம் அறிவோம். அறிந்தும், திறந்து பார்க்கச் சோம்பினோம். காற்றை நிரப்பி, கார்க் கொட்டகையின் மூலையில் சார்த்தி வைத்தோம். ஏழாண்டுகள் உருண்டோடின.

சென்ற கோடையில் மகன் அதைக் கண்டெடுத்தான்.

"வாப்பா, இதில் காற்று நிறைய இருக்கிறதே! ஆழமில்லாத இடத்தில்தானே இறங்கப் போகிறேன்" என்றான்.

சரி என்று சொல்ல வாயெடுத்தோம். அப்போதுதான் உருளையின் தோளில் பொறித்திருந்த தேதி கண்ணில் பட்டது. ஐந்தாண்டுக்கு ஒருமுறை நீரழுத்தச் சோதனை நடத்தித் தேதி பொறிப்பது அந்நாட்டு விதி. அத்தவணை எப்போதோ கடந்திருந்தது. இரண்டு உருளைகளையும் சோதனைக் கூடத்துக்கு எடுத்துச் சென்றோம்.

சோதகர் காற்றை மெல்ல வெளியேற்றி, வால்வைக் கழற்றி, உருளையைக் கவிழ்த்தார். செந்நிற நீர் வழிந்தது. விளக்கை உள்ளே இறக்கிக் காட்டினார். சுவரெங்கும் ஆழமான துருக்குழிகள். "இரும்பு துருப்பிடிக்கும்போது உள்ளிருக்கும் பிராணவாயுவையே உண்டுவிடும். அழுத்தமானி காற்று இருப்பதாகவே காட்டும், சுவாசிப்பவரோ மயங்கி விழுவார்" என்றார். மகன் ஒன்றும் பேசவில்லை. நம் கைகள் நடுங்கின.

அவ்வுருளை அன்றே கழிக்கப்பட்டது. மற்றதை நீர்த்தொட்டியில் இறக்கி, வழக்கமான அழுத்தத்தைப்போல் ஒன்றே முக்கால் மடங்குக்குச் சற்றுக் குறைவாக ஏற்றினார்கள். அழுத்தத்தால் உருளை சிறிது விரியும். அழுத்தம் நீங்கியதும் பழைய அளவுக்கு மீள வேண்டும். மொத்த விரிவில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் மீளாது நின்றுவிட்டால் தள்ளுபடி. நம் உருளை மீண்டது; தோளில் புதிய தேதி ஏறியது.

ஒரே ஆண்டில் வாங்கியவை, ஒரே எஃகால் ஆனவை. ஒன்றைக் கொன்றது காலமன்று, நம் சோம்பலே. உருளைக்கு இத்தனை ஆண்டு ஆயுள் என்று எவரேனும் கேட்டால், வைத்திருப்பவரின் கையைப் பாருங்கள் என்றே இப்போது சொல்கிறோம்.

இப்பொழுதெல்லாம் கடலிலிருந்து திரும்பியதும், நாம் சொல்லாமலே மகன் குழாயடிக்குச் செல்கிறான்.