யாருடைய கையெழுத்து

பேசாப்படக் காலத்து மருத்துவர் என்றதும் திரைப்பட ரசிகர்களுக்கு 1920இல் வந்த ஜெர்மானியப் படத்தின் டாக்டர் கலிகாரிதான் நினைவுக்கு வருவார். தூக்கத்தில் நடப்பவனை ஏவிக் கொலை செய்விக்கும் அவர் வெறும் கற்பனை. சில வாரங்களாக என் உறக்கத்தைக் கெடுப்பவரோ உண்மையில் வாழ்ந்தவர்: பாரிஸின் அறுவை மருத்துவர் எஜேன் துவாயென்.

1898இலிருந்தே தம் அறுவைகளைப் படம்பிடிக்கச் செய்தவர் அவர். மாணவர்கள் கற்கலாம், தம் பிழைகளைத் தாமே கண்டு திருத்திக்கொள்ளலாம் என்பது அவர் வாதம். அதை எளிதில் மறுத்துவிட முடியாது.

1902 பிப்ரவரியில் அவருடைய மேசைக்கு வந்தவர்கள் ராதிகா, தூதிகா. ஒரிசாவில் பிறந்த ஒட்டுப்பிறவிச் சகோதரிகள்; பார்னம் அண்ட் பெய்லி சர்க்கஸ் ஐரோப்பாவெங்கும் காட்சிப்பொருளாக்கிய சிறுமிகள். தூதிகாவுக்குக் காசநோய். மற்றவளையேனும் காப்பாற்றவேண்டி இருவரையும் பிரித்தார் துவாயென். காமிராவும் சுழன்றது. தூதிகா சில நாட்களில் இறந்தாள். ராதிகா அடுத்த ஆண்டு, அதே நோயால்.

ஒளிப்பதிவாளர்களுள் ஒருவரான பார்னலான் துவாயெனின் படங்களை அவரைக் கேளாமலே பிரதியெடுத்து விற்றார். மருத்துவ அரங்குக்கென எடுத்தவை சந்தைக் கொட்டகைகளுக்குப் போயின. துவாயென் வழக்குத் தொடுத்தார். காட்சியை அமைத்தவர் மருத்துவரே, ஒளிப்பதிவாளர் அவருக்கு உதவியவர் மட்டுமே. ஆகவே படம் மருத்துவருக்கே உரியது என்று 1905இல் பாரிஸ் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திரைப்படத்தின் ஆசிரியர் யார் என்னும் கேள்விக்கு மிகத் தொடக்கத்தில் கிடைத்த விடைகளுள் ஒன்று இது. இலக்கியம் கற்பிப்பவன் என்ற முறையில் எனக்கு இது உவப்பான செய்தியாக இருந்திருக்க வேண்டும். ஆனால், கத்தி பிடித்தவனுக்கா, காமிரா பிடித்தவனுக்கா என்பதோடு அவ்வழக்கு நின்றுவிட்டது. கிடத்தப்பட்ட உடல்கள் யாருடையவை என்று கேட்க அச்சிறுமிகள் அப்போது உயிரோடில்லை. இருந்திருந்தாலும் கேட்டிருப்பார்களா?

இதை எழுதும்போது அம்மாவின் நினைவு வருகிறது. சில ஆண்டுகளுக்கு முன் அவருக்குக் கர்ப்பப்பை அறுவை நடந்தது. ஒப்புதல் படிவம் நான்கு பக்கம், ஆங்கிலத்தில். அம்மா தமிழ் நன்றாக வாசிப்பவர். சுயநினைவோடு, ஐந்தடி தூரத்தில் கட்டிலில் அமர்ந்திருந்தார். செவிலியர் அவரைத் தாண்டிவந்து படிவத்தை என்னிடம் நீட்டினார். 'உறவுமுறை: மகன்' என்றெழுதிக் கையெழுத்திட்டேன். மருத்துவர் காத்திருக்கிறார் என்றார்கள், நான் படிக்கவில்லை.

மறுநாள் மயக்கம் முழுதும் தெளிந்ததும் அம்மா கேட்டார்: "கர்ப்பப்பையோட வேற எதையும் எடுத்துட்டாங்களாப்பா?"

டாக்டரைக் கேட்டுச் சொல்கிறேன் என்றேன்.