முகத்திற்கு ஓர் ஆடை

நாம் உடுக்கும் உடைகள் பல. வெயிலிலிருந்தும் குளிரிலிருந்தும் நம்மைக் காப்பவை சில. மானத்தைக் காப்பவை சில. அழகு செய்பவை சில. இவையெல்லாம் உடுப்பவர்க்கே பெரிதும் பயன்படுவன. ஆனால், உடுப்பவரைக் காட்டிலும் எதிரில் நிற்பவர்க்கு மிகுதியாகப் பயன்படும் உடையும் ஒன்று உண்டு. அதனை முப்பது வயது வரையில் நான் அறிந்திலேன். 2020 ஆம் ஆண்டில், என் தாயாரின் தையல் இயந்திரத்தின் அருகே அமர்ந்து அறிந்துகொண்டேன்.

கொரோனா என்னும் தொற்றுநோய் உலகெங்கும் பரவிய காலம் அது. அவ்வாண்டு மார்ச்சுத் திங்கள் 25 ஆம் நாள் முதல் நாடெங்கும் ஊரடங்கு நடைமுறைக்கு வந்தது. அதற்கு இரண்டு நாட்களுக்கு முன்னர்தான் நான் சென்னையிலிருந்து எங்கள் ஊருக்குத் திரும்பியிருந்தேன். வெளியூரிலிருந்து வந்தவன் ஆதலால், 14 நாட்கள் மாடியறையில் தனித்திருந்தேன். அம்மா உணவைப் படியில் வைத்துவிட்டுக் கீழே இறங்கிச் சென்று குரல் கொடுப்பார். அதன் பின்னரே நான் கதவைத் திறப்பேன். ஒரே வீட்டில் இருந்தும் தாய்முகம் காணாத நாட்கள் அவை.

கடைகளில் முகக்கவசம் கிடைக்கவில்லை. கிடைத்த சிலவும் மருத்துவர்க்கும் செவிலியர்க்குமே முதலில் வேண்டியவையாக இருந்தன. ஆகவே, நானே ஒன்று செய்துகொள்ளத் துணிந்தேன். மெல்லிய கைக்குட்டை ஒன்றை மடித்து, இரு முனைகளிலும் ரப்பர் வளையங்களைக் கோத்துக் காதுகளில் மாட்டினேன். பதினைந்தாம் நாள் அந்தக் கோலத்தோடு பெருமிதமாகக் கீழே இறங்கினேன்.

அம்மா என்னைப் பார்த்துச் சிரித்தார். பிறகு ஒரு மெழுகுவத்தியை ஏற்றி மேசைமேல் வைத்தார். “ஒரு சாண் தொலைவில் நின்று ஊது, பார்க்கலாம்” என்றார். ஊதினேன். சுடர் உடனே அணைந்தது.

“விளக்கை அணைக்கும் மூச்சு, எதிரில் நிற்பவர் முகத்தில் படாதா?” என்று கேட்டார்.

“எனக்குத்தான் நோய் இல்லையே, அம்மா!”

“இல்லை என்று உனக்கு எப்படித் தெரியும்?”

இந்தக் கேள்விக்கு என்னிடம் விடை இல்லை. அந்நோய் கண்டவருள் பலர், காய்ச்சலும் இருமலும் தோன்றும் முன்னரே அதைப் பிறர்க்குக் கொடுத்துவிடுவர் என்பதைப் பின்னர் நான் படித்தறிந்தேன். நாம் பேசும்போதும் இருமும்போதும் கண்ணுக்குத் தெரியாத நீர்த்துளிகள் வாயிலிருந்து புறப்படுகின்றன. அவற்றுள் பெரியவை விரைவில் கீழே விழும். மிகச் சிறியவை காற்றில் மிதந்து நிற்கும். அவற்றைப் புறப்படும் இடத்திலேயே தடுப்பது எளிது. பரவிய பின் தடுப்பது அரிது.

அம்மா பழைய துணிகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சன்னல் வெளிச்சத்திற்கு நேரே பிடித்துப் பார்த்தார். ஒளி மிகுதியாக ஊடுருவியவற்றை ஒதுக்கினார். பனியன் துணி இழுத்தால் விரிந்து கண்விடும் என்று தள்ளினார். வழுவழுப்பான நைலான் புடவை வேர்வையை உறிஞ்சாது என்று மடித்து வைத்தார். இறுதியில், மறைந்த என் தந்தையாரின் பருத்தி வேட்டி கைக்கு வந்தது. இழை நெருக்கமானது, பலமுறை துவைத்துத் துவைத்து மென்மையானது. அம்மா அதனைச் சிறிது நேரம் மடியில் வைத்திருந்தார். கத்தரிக்கோலை எடுத்தார், வைத்தார், மீண்டும் எடுத்தார்.

“வேண்டாம், அம்மா. வேறு துணி பார்க்கலாம்” என்றேன்.

“பெட்டியில் கிடந்து யாருக்கு என்ன பயன்? உன் அப்பா இருந்திருந்தால் தாமே எடுத்துக் கொடுத்திருப்பார்” என்று சொல்லி, வேட்டியை வெட்டினார்.

செய்முறை எளிதுதான். 10 அங்குல நீளமும் 8 அங்குல அகலமும் உடைய மூன்று துண்டுகள் வேண்டும். இரண்டை வேட்டியிலிருந்தும், ஒன்றை அம்மாவின் பழைய சுங்குடிப் புடவையிலிருந்தும் வெட்டினோம். வெள்ளை உள்ளே, வண்ணம் வெளியே. பக்கம் மாறி அணியாமலிருக்க இஃது ஓர் அடையாளம். மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, ஓரங்களில் அரை அங்குலம் விட்டுத் தைத்து, உட்புறத்தை வெளியே திருப்பினோம். பின்னர்க் குறுக்காக மூன்று மடிப்புகள் வைத்தோம். ஒவ்வொரு மடிப்பும் ஓர் அங்குலத் துணியைக் கொள்ளும். அணியும்போது அது விரிந்து மூக்கையும் முகவாயையும் தழுவிக்கொள்ளும். மடிப்பின் வாய் கீழ்நோக்கி இருந்தால் தூசி தங்காது. நான்கு மூலைகளிலும் நாடா தைத்தோம். இயந்திரம் இல்லாதார் கையாலேயே நெருக்கமாக ஓட்டுத் தையல் போடலாம்.

இரண்டாவது கவசத்தை நானே தைத்தேன். ஊசி இருமுறை விரலில் ஏறியது. அணிந்தபோது என் மூக்குக்கண்ணாடியில் ஆவி படிந்தது. “மேலே இடைவெளி இருக்கிறது” என்று அம்மா கண்டுபிடித்தார். மூக்கின்மேல் படியும் விளிம்பில் மெல்லிய கம்பி ஒன்றைச் செருகி அழுத்தியதும் ஆவி குறைந்தது. மெழுகுவத்தியை மீண்டும் ஏற்றி ஊதினேன். சுடர் அசைந்தது, அணையவில்லை. அவ்வாண்டு ஜூன் 5 ஆம் நாள் உலக நலவாழ்வு நிறுவனம் துணிக்கவசங்களுக்கு மூன்று அடுக்கு வேண்டும் என்று அறிவுறுத்தியபோது, அம்மா செய்தித்தாளை என்முன் வைத்துப் புன்முறுவல் செய்தார்.

எங்கள் தெருவிற்கு நாள்தோறும் குப்பை அள்ள வரும் தூய்மைப் பணியாளர் ஒருவர் இருந்தார். ஊரே கதவடைத்திருந்த நாளிலும் அவர் ஒருநாளும் தவறியதில்லை. புடவைத் தலைப்பையே வாயில் சுற்றிக்கொண்டு வருவார். அம்மா அவருக்கு ஒரு கவசம் கொடுத்தார். அவர் வாங்கிக்கொண்டு சற்றுத் தயங்கினார். “அம்மா, ஒன்று என்றால் துவைத்த அன்று என்ன செய்வேன்?” என்றார். அறிவுடைய கேள்வி! அன்று மாலைக்குள் அவருக்கு மூன்று கவசங்கள் ஆயின: ஒன்று அணிய, ஒன்று துவைக்க, ஒன்று உலர. தந்தையாரின் வேட்டி அவ்வாறே தெருவில் பலர் முகங்களுக்குச் சென்றது.

அந்நாட்களில் ஊ லியென்-தே என்னும் மருத்துவரின் வரலாற்றைப் படித்தேன். தமிழர் பலர் வாழும் பினாங்கில் 1879 ஆம் ஆண்டில் பிறந்தவர் அவர். 1910 ஆம் ஆண்டின் இறுதியில் மஞ்சூரியாவில் கொடிய பிளேக்கு நோய் பரவியபோது, சீன அரசு அவரை அங்கே அனுப்பியது. அந்நோய் மூச்சுக்காற்றின் வழியே ஒருவரிடமிருந்து ஒருவர்க்குப் பரவுகின்றது என அவர் கண்டார். வலைத்துணியும் பஞ்சும் சேர்த்து எளிய கவசம் செய்து அணியச் செய்தார். மெஸ்னி என்னும் பிரெஞ்சு மருத்துவர் அதனை ஏற்கவில்லை; கவசமின்றி நோயாளரைப் பார்க்கச் சென்றார்; சில நாட்களில் அந்நோய்க்கே இரையானார். ஏறத்தாழ 60,000 மக்களை மாய்த்த அந்நோய், நோயாளரைப் பிரித்து வைத்தல், பயணத்தைத் தடுத்தல், கவசம் அணிதல் முதலிய முயற்சிகளால் 1911 ஆம் ஆண்டின் இளவேனிலில் ஒடுங்கியது. மெஸ்னியின் முடிவைப் படித்தபோது, ‘கற்றவரும் இவ்வாறு பிழை செய்வரோ!’ என்று வியந்தேன். என் பிழை எனக்காகக் காத்திருந்ததை அப்போது அறியேன்.

ஜூலைத் திங்களில் ஒருநாள், அந்தப் பணியாளரோடு வாயிலில் நின்று பேசிக்கொண்டிருந்தேன். என் சொல் அவருக்குச் சரியாகக் கேட்கவில்லை. உடனே கவசத்தை முகவாய்க்குக் கீழே இறக்கிவிட்டுப் பேசத் தொடங்கினேன். அவர் இரண்டடி பின்வாங்கினார். “தம்பி, அதை மேலே ஏற்றிக்கொள்ளுங்கள். என் மகள் பிள்ளை பெற்று வீட்டில் இருக்கிறாள்” என்றார்.

நான் நாணித் தலைகுனிந்தேன். பேசும்போதுதான் அது மிகவும் தேவை என்பது எனக்குத் தெரியும். தெரிந்தும் மறந்தேன். தைக்கக் கற்ற நான், அஃது யாருக்காகத் தைக்கப்பட்டது என்பதைக் கற்கவில்லை. “மன்னியுங்கள், அக்கா” என்று சொல்லிக் கவசத்தை ஏற்றிக்கொண்டேன்.

மறுநாள் எனக்குக் காய்ச்சல் கண்டது. ஆய்வில் நோய் உறுதியாயிற்று. என் நோயைக் காட்டிலும் அந்த ஒரு நொடியே என்னை வாட்டியது. மருத்துவமனைக் கட்டிலில் கிடந்தபடி, அவருடைய வீட்டையும் முகமறியாத அக்குழந்தையையும் நினைத்து உறக்கமின்றிப் புரண்டேன். பத்து நாட்கள் கழித்து, “அவர்கள் எல்லாரும் நலமாக இருக்கிறார்கள், எனக்கும் ஒன்றும் இல்லை” என்று அம்மா தொலைபேசியில் சொன்ன பிறகே என் நெஞ்சு ஆறியது. காத்தது துணியோ, திறந்தவெளிக் காற்றோ, அவர் பின்வைத்த அந்த இரண்டடியோ, நான் அறியேன்.

துணிக்கவசத்தின் ஆற்றலை மிகைப்படுத்திக் கூறுதல் தகாது. மருத்துவமனைகளில் பயன்படும் உயர்ந்த கவசங்களைப் போல் அது மிக நுண்ணிய துளிகளைத் தடுக்காது. ஓரங்களில் இடைவெளி இருந்தால் பயன் இன்னும் குறையும். நனைந்தால் மாற்ற வேண்டும். கழற்றும்போது நாடாவை மட்டுமே தொட வேண்டும். சோப்பு இட்டுத் துவைத்து வெயிலில் உலர்த்த வேண்டும். இரண்டு வயதுக்கு உட்பட்ட குழந்தைகட்கு அதனை அணிவித்தல் கூடாது.

அந்தப் பெருந்தொற்று உலக அளவிலான நெருக்கடி என்னும் நிலை 2023 ஆம் ஆண்டு மே 5 ஆம் நாள் நீங்கியது. எங்கள் வீட்டில் ஒரே ஒரு கவசம் மட்டும் இன்றும் இருக்கிறது. சளியோ இருமலோ வந்து, முதியவர் உள்ள வீட்டிற்குச் செல்ல நேர்ந்தால் அதனை எடுத்து அணிந்துகொள்கிறேன். உள்ளே தந்தையாரின் வேட்டி. வெளியே தாயாரின் புடவை. எனினும், நாடாவை முடியும்போதெல்லாம் என் நினைவிற்கு வருபவர், இரண்டடி பின்வாங்கி எனக்குப் பாடம் சொன்ன அந்த அக்காவே ஆவார்.