ஆழம் தெரியாம அளக்காதே!

'ஆழம் தெரியாம காலை விடாதே'ன்னு பெரியவங்க சொல்லிட்டுப் போயிட்டாங்க. சரி, அந்த ஆழத்தை எதை வெச்சு அளக்கறது? மெக்கானிக்கல் படிக்கிற ஒவ்வொருத்தரும் ஒரு நாள் இந்தக் கேள்வியில வந்து முட்டி நிப்போம் பாஸ். நீளம், விட்டமெல்லாம் ஈஸி. ரெண்டு தாடைக்கு நடுவுல பிடிச்சா வேலை முடிஞ்சுது. ஆழம் அப்படி இல்லை. கருவி மேலே ஓர் இடத்துல உட்காரணும், கீழே ஓர் இடத்தைத் தொடணும். எங்கே உட்காருது, எங்கே தொடுது... மொத்த விஷயமும் இந்த ரெண்டுலதான் இருக்கு!

'அதான் சாதாரண வெர்னியர் காலிப்பர்லயே வால் மாதிரி ஒரு குச்சி நீட்டிக்கிட்டு இருக்கே, அது பத்தாதா?'ன்னு ஹாஸ்டல்ல அடிக்கடி பட்டிமன்றம் நடக்கும். எங்க ப்ராஜெக்ட் டீம்ல நாலு பேர். ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டு ஒரு டெப்த் வெர்னியர் வாங்கலாம்னு நான் சொன்னதும், 'அந்தக் காசுக்கு ஒரு வாரம் பரோட்டா சாப்பிடலாம்டா'ன்னு ஒரு குரல் வந்துச்சு. நியாயமான குரல்தான். ஆனாலும் நான் விடலை. காரணம், போன லீவுல கோவையில நான் பார்த்த ஒரு பஞ்சாயத்து.

கோவைன்னாலே பம்ப்பும் மோட்டாரும்தானே? ஒரு சின்ன யூனிட்ல ரெண்டு வாரம் இன்-பிளான்ட் டிரெய்னிங் போயிருந்தேன். மோட்டாரோட எண்ட் ஷீல்டுல பேரிங் உட்கார்ற குழியை லேத்துல கடைஞ்சுக்கிட்டிருந்தாங்க. பேரிங் நம்பர் 6205. உள் விட்டம் 25, வெளி விட்டம் 52, அகலம் 15 மி.மீ. டிராயிங்ல அந்தக் குழியோட ஆழம் 15.00-ல இருந்து 15.05 வரை இருக்கலாம்னு போட்டிருந்துச்சு. ஆழம் குறைஞ்சா, மேலே மூடுற கவர் பேரிங்கை அமுக்கும், சூடாகும். கூடிப்போனா, பேரிங் முன்னும் பின்னும் ஆடும், சத்தம் போடும். இதுக்கு நடுவுல கிடைச்ச இடம் வெறும் 0.05 மி.மீ. ஒரு மெல்லிசான தலைமுடி அளவு!

அங்கே டர்னர் அண்ணனுக்கு பீஸ் ரேட். போட்ட பீஸுக்குத்தான் காசு, ரிஜெக்ட் ஆனா அதுக்குக் கூலி கிடையாது. ஒரு சனிக்கிழமை, அவர் போட்ட 40 பீஸும் மொத்தமா திரும்பி வந்துச்சு. இன்ஸ்பெக்‌ஷன்ல இருந்தவர் புது ஆளு, எங்களைவிட ரெண்டு மூணு வயசுதான் பெரியவர். கையில பளபளன்னு டிஜிட்டல் காலிப்பர். அதோட வாலை விட்டு அளந்ததுல 15.07, 15.08-ன்னு வந்திருக்கு. சனிக்கிழமைதான் அங்கே சம்பள நாள்.

அண்ணன் சத்தம் போடலை. டூல் பாக்ஸ்ல பனியன் வேஸ்ட்ல சுத்தி வெச்சிருந்த பழைய டெப்த் வெர்னியரை எடுத்தார். மேலே இருந்த ஒரு பீஸை அளந்துட்டு, 'எனக்கு 15.02 தானுங்க வருது'ன்னார். அவரோ, 'இதுல ரெண்டு டெசிமலும் பளிச்சுன்னு தெரியுதுங்கண்ணா. உங்க வெர்னியர்ல கோடே தேஞ்சு போச்சுங்களே!'ன்னார்.

'அப்படீங்களா? சரி, ஸ்லிப் கேஜ் எடுங்க. ரெண்டையும் பாத்துரலாம்.'

சர்ஃபேஸ் பிளேட்டைத் துடைச்சாங்க. 10-ம் 5-ம் ஒட்டி ஒரு 15. 9-ம் 6-ம் ஒட்டி இன்னொரு 15. ரெண்டையும் கொஞ்சம் தள்ளித் தள்ளி நிக்க வெச்சு, டெப்த் வெர்னியரோட அடியைப் பாலம் மாதிரி மேலே உட்கார வெச்சார். நடுவுல பிளேடை இறக்கினா 15.00. திரும்பத் திரும்ப அஞ்சு தடவை செஞ்சும் அதே 15.00. இப்போ டிஜிட்டலோட முறை. 15.03... 15.07... 15.01... 15.06... ஒரே ஆழத்துக்கு நாலு பதில்!

அண்ணன் என்னைப் பார்த்து சொன்னார்: 'நம்பர் எத்தனை தெரியுதுங்கறது முக்கியமில்லீங் தம்பி. அது எங்க உக்காருதுன்னு பாருங்க.'

மெட்ராலஜி லேப்ல எனக்குப் புரியாத சங்கதி அந்த ஒரு வரியில புரிஞ்சுது. சாதாரண காலிப்பர்ல வால் நீளுற முனை இருக்கே, அது சில மி.மீ. தடிமன்தான். அதைக் குழியோட விளிம்புல நேரா நிறுத்தறது, ஒத்தைக் கால்ல நிக்கிற மாதிரி. வெறும் 2 டிகிரி சாய்ஞ்சாலே 50 மி.மீ. ஆழத்துல 0.03 மி.மீ. கூடிடும். முனை ஒரு பக்கம் தூக்கறதால வர்றது அதுக்கு மேல தனி. இந்தச் சாய்வு பெரும்பாலும் ஆழத்தைக் கூட்டித்தான் காட்டும். அண்ணனோட 40 பீஸும் ஒரே பக்கமா தப்பு காட்டினது இதனாலதான்.

டெப்த் வெர்னியரை வெச்சு 40-ஐயும் திரும்ப அளந்தாங்க. 37 பாஸ். மூணு மட்டும் நிஜமாவே 15.05-ஐத் தாண்டியிருந்துச்சு. அந்த மூணையும் அண்ணனே சாக்பீஸ்ல குறி போட்டுத் தனியா எடுத்து வெச்சார். யாரும் அவர்கிட்ட கேட்கலை. அந்த மூணுக்காக நானாவது பேசியிருப்பேன்... அவர் பேசலை!

ஸோ, வாங்கப் போற மக்களுக்கு நான் கத்துக்கிட்டது இதுதான்.

முதல்ல அடியைப் பாருங்க. அளக்கப்போற குழியைவிட அடி அகலமா இருக்கணும். 52 மி.மீ. குழிக்கு 100 மி.மீ. அடி இருந்தா ரெண்டு பக்கமும் ஜம்முனு உட்காரும். சின்னத் துளைகள்தான் உங்க வேலைன்னா, பிளேடு உள்ளே நுழையுமான்னு பாருங்க. அதுக்கு ஊசி மாதிரி முனை வெச்சதும் கிடைக்கும்.

அடுத்து, டிஜிட்டலா, வெர்னியரா? டிஜிட்டல் 0.01 வரை காட்டும். ஆனா காட்டுறது வேற, சரியா இருக்கறது வேற. 150 மி.மீ. டிஜிட்டல்ல அனுமதிச்ச பிழையே வழக்கமா 0.02, 0.03 இருக்கும். வெர்னியர்ல 49 மி.மீ. நீளத்தை 50 பங்கா பிரிச்சிருப்பாங்க. ஒரு பங்கு 0.98. மெயின் ஸ்கேலோட 1 மி.மீ.க்கும் அதுக்கும் உள்ள வித்தியாசம் 0.02, அதுதான் லீஸ்ட் கவுன்ட். பியர் வெர்னியர்ங்கற பிரெஞ்சுக்காரர் 1631-ல சொன்ன ஐடியா, பேட்டரி இல்லாம இன்னிக்கும் ஓடுது! கண்ணுக்கு ஈஸியா வேணும்னா டிஜிட்டலே வாங்குங்க, தப்பில்லை. அகலமான அடி வெச்ச டெப்த் காலிப்பரா வாங்குங்க, அவ்வளவுதான்.

நிஜமாவே 0.01-ஐ நம்பணும்னா டெப்த் மைக்ரோமீட்டர் பக்கம் போகணும். அதுல ஒரு வேடிக்கை உண்டு. சாதாரண மைக்ரோமீட்டருக்கு ஸ்கேல் தலைகீழ். வெளியே தெரியற கோட்டைப் படிக்கக் கூடாது, திம்பிள் மூடி மறைச்ச கோட்டைத்தான் படிக்கணும். 25 மி.மீ.க்கு ஒரு ராடு மாத்தணும், மாத்தும்போதெல்லாம் ஜீரோ பார்க்கணும். பொறுமைசாலிகளுக்கு மட்டும்!

வாங்கிட்டா மட்டும் போதாது. குழியோட வாயில இருக்கற பிசிறை முதல்ல எடுங்க. அடி அதுமேல ஏறி உட்கார்ந்தா அளவு காலி. சர்ஃபேஸ் பிளேட்ல வெச்சு ஜீரோ பாருங்க. அடியை ஒரு கையால அழுத்திப் பிடிச்சுக்கிட்டு, பிளேடை மெதுவா இறக்குங்க. ஓங்கிக் குத்தினா அடி தூக்கிக்கும். குழியோட மூலையில சின்ன வளைவு இருக்கும், பிளேடு அதுமேல ஏறினா ஆழம் குறைச்சலா காட்டும்.

டிரில் போட்ட துளைன்னா இன்னும் உஷார். 118 டிகிரி டிரில் அடியில ஒரு கூம்பை விட்டுட்டுப் போகும். 10 மி.மீ. டிரில்லுக்கு அந்தக் கூம்பே 3 மி.மீ. இருக்கும். டிராயிங்ல சொல்ற ஆழம் வழக்கமா முழு விட்டம் முடியற இடம் வரைக்கும்தான், கூம்போட நுனி வரைக்கும் இல்லை. 20-க்கு 23 காட்டுதேன்னு டிரில் போட்டவரைத் திட்டாதீங்க!

கடைசியா ஒண்ணு. கடைக்குப் போறதுக்கு முன்னாடி உங்க லேப் அசிஸ்டென்ட்டைக் கேளுங்க. நிறைய காலேஜ் பீரோவுல ஒரு நல்ல டெப்த் வெர்னியர், எண்ணெய் காகிதத்தோட வருஷக்கணக்கா தூங்கிக்கிட்டு இருக்கும். எங்க லேப்ல ஒண்ணே ஒண்ணுதான், அதுக்கும் க்யூ. அதனால நாங்க காசு போட்டு வாங்கிட்டோம். 100 மி.மீ. அடி, 0.02 வெர்னியர். பரோட்டா அடுத்த செமஸ்டர் பார்த்துக்கலாம்!

அப்சர்வேஷன் நோட்ல ஆன்சரை முதல்ல எழுதிட்டு, ரீடிங்கைப் பின்னாடி இருந்து கண்டுபிடிக்கிற கலை நம்ம மக்களுக்கு நல்லாவே வரும். லேப்ல அந்த 0.05-க்கு அரை மார்க்தான் போகும். ஆனா, நாளைக்கு நாமளும் ஒரு காலிப்பரோட இன்ஸ்பெக்‌ஷன் டேபிள்ல உட்காருவோம். அங்கே நாம எழுதுற நம்பர்ல யாரோ ஒருத்தரோட சனிக்கிழமை சம்பளம் இருக்கும், பாஸ்.