துக்கம் என்ற வேலை

பிராய்ட் 1917இல் வெளியிட்ட 'துக்கமும் மெலங்கோலியாவும்' என்ற கட்டுரையில் துக்கத்தை ஒரு வேலை என்கிறார். ஜேர்மன் மொழியில் அவர் பாவித்த சொல்லை அப்படியே தமிழாக்கினால் துக்கவேலை என்றுதான் வரும். அன்பு வைத்த ஒருவர் இல்லை என்று உலகம் சொல்லிவிட்டது, மனம் ஏற்க மறுக்கிறது. ஒவ்வொரு நினைவாக, ஒவ்வொரு எதிர்பார்ப்பாக எடுத்து, இது இனி இல்லை, இதுவும் இனி இல்லை என்று மனம் கணக்குத் தீர்க்கவேண்டியிருக்கிறது. அதற்குக் காலம் எடுக்கும், சக்தி செலவாகும். முடிந்ததும் மனம் விடுபட்டு வேறொன்றில் பற்று வைக்கும். மெலங்கோலியாவில் அப்படி முடிவதில்லை. இழந்தவரைத் தனக்குள்ளேயே வைத்துக்கொண்டு மனிதன் தன்னையே ஏசத் தொடங்குகிறான்.

நான் பாரிசில் ஒரு ரெஸ்ரோறன்ற் குசினியில் நாளைக்குப் பத்து மணித்தியாலம் நிற்பவன். முதலில் கோப்பை கழுவினேன், இப்போது வெட்டுவதும் வதக்குவதும். வேலை என்றால் தொடங்கும் நேரம் இருக்கும், கையில் சாமான் இருக்கும், முடிவு இருக்கும். அதனால் பிராய்டின் சொல் எனக்குப் பிடித்துக்கொண்டது. கூடவே ஒரு கேள்வியும் வந்தது. சாமானே தராமல் வேலையை முடி என்றால் எப்படி முடிப்பது?

என் அண்ணனைக் கடைசியாகக் கண்டவர்கள் 2009 மே நடுப்பகுதியில் முல்லைத்தீவில் கண்டதாகச் சொன்னார்கள். அதற்குப் பிறகு செய்தி இல்லை. அப்போது நான் பல்கலைக்கழகத்தில் மெய்யியலோடு கொஞ்சம் உளவியலும் படித்துக்கொண்டிருந்தேன். இரண்டாம் வருடத்தோடு படிப்பு நின்றது. இங்கே அகதி விண்ணப்பக் காலத்தில் என்னை ஒரு மனநல வைத்தியரிடம் அனுப்பினார்கள். நல்ல மனுசி. உங்கள் துக்கவேலை நடக்கவில்லை என்றார். மொழிபெயர்க்க வந்தவர் அதை, "இன்னும் அழுது முடிக்கேல்லையாம்" என்று சொன்னார். பிரான்சில் இந்தச் சொல் வைத்தியரின் அறையைத் தாண்டி, தொலைக்காட்சிக்கும் தெருவுக்கும் வந்து கனகாலம். விபத்து நடந்தாலும், காதல் முறிந்தாலும், துக்கத்தைச் செய்து முடி என்கிறார்கள்.

கனடாவிலுள்ள மாமாவும் ஒருவிதத்தில் அதையேதான் சொன்னார். "டேய் தம்பி, கொம்மாவுக்குச் சொல்லி ஒரு திவசத்தைச் செய்து முடியுங்கோடா. எவ்வளவு காலத்துக்கு இப்பிடி?" அவரும் கெட்ட மனிதரல்ல. தங்கையின் கலியாணம், காணி எழுதுவது எல்லாம் தடைப்பட்டுக் கிடந்தன.

ஆனால் ஊரில் துக்கம் ஒருபோதும் தனி மனிதனின் வேலையாக இருந்ததில்லை. செத்தவீட்டை யோசித்துப் பாருங்கள். அந்த வீட்டில் அடுப்பு எரியாது, அயலவர்கள் சமைத்துக் கொண்டுவருவார்கள். ஒப்பாரி சொல்லத் தெரிந்த கிழவி அழ முடியாதவளையும் அழவைப்பாள். பிறகு காடாத்து, எட்டுச் செலவு, முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி, ஒரு வருடத்தில் ஆட்டத்திவசம். இன்ன நாளில் இவ்வளவு துக்கம், இன்ன நாளிலிருந்து கொஞ்சம் குறை என்று சமூகம் அளந்து கொடுக்கிறது. பிராய்ட் மனதுக்குள் நடப்பதாக எழுதிய வேலையை எங்கள் ஊரில் பத்துப் பதினைந்து பேர் கூடிச் செய்கிறார்கள். செத்தவீட்டில் சாதியும் இருக்கிறது, பறையடிப்பவனின் அவமானமும் இருக்கிறது. அதை மறந்து புகழவேண்டியதில்லை. ஆனாலும் அது ஒரு வேலைமுறை.

இதைக் கோட்பாடாகச் சொன்னவர் இலங்கையரான மானுடவியலாளர் கணநாத் ஒபயசேகர. கதிர்காமத்தில் சடைமுடி வளர்த்துச் சாமியாடும் பெண்களைப் பற்றி 1981இல் 'மெடூசாவின் கூந்தல்' என்ற நூலை எழுதினார். பிராய்டைக் கற்றவர், ஆனால் பிராய்டிடம் சரணடையாதவர். கனவு, உள்ளே கிடக்கும் ஆசையையும் பயத்தையும் உருவமாக மாற்றுகிறது என்றார் பிராய்ட். பண்பாடும் அப்படியொரு வேலையைச் செய்கிறது என்றார் ஒபயசேகர. ஒரு பெண்ணின் தனிப்பட்ட வேதனை, சடைமுடியாகி, தெய்வத்தின் கொடையாகி, ஊர் மதிக்கும் ஒரு வாழ்க்கையாகிறது. 1985இல் வெளிவந்த ஒரு கட்டுரையில், மேற்கில் மனச்சோர்வு நோய் என்று பெயர் பெறும் நிலை, வாழ்வே துன்பம் என்று தியானிக்கும் ஒரு பௌத்தரிடத்தில் நோயாகவே இராது என்று வாதிட்டார். வேதனைக்குப் பண்பாட்டில் ஒரு வடிவம் கிடைத்தால் அது நோயாக வேண்டியதில்லை.

காணாமல் ஆக்கப்பட்டவனுக்கு அந்த வடிவம் இல்லை. திவசத்துக்குத் திதி வேண்டும். அண்ணனுக்குத் திதி இல்லை, எரிக்க உடலில்லை, பொறுக்க எலும்பில்லை. 2010இல் இலங்கை அரசு ஒரு சட்டம் கொண்டுவந்தது. யுத்தத்தில் ஒரு வருடத்துக்கு மேல் காணாமற்போனவருக்கு மரணச் சான்றிதழ் எடுக்கலாம் என்றது. அம்மா மறுத்துவிட்டார். தொலைபேசியில் அவர் சொன்னது: "அவன் செத்திட்டான் எண்டு நான் கையெழுத்து வைச்சால், அவனைக் கொண்டது நானெல்லோ?"

வைத்தியர் இதை மறுப்பு என்ற மனநிலைக்குள் போட்டிருப்பார். அம்மாவின் அதே வாதத்தை நான் பிறகு ஆர்ஜென்ரீனாவில் கண்டேன். உளப்பகுப்பாய்வு மிக ஆழமாக வேர்விட்ட நாடுகளில் அதுவும் ஒன்று. 1976 முதல் 1983 வரை இராணுவ ஆட்சி ஆயிரக்கணக்கானவர்களைக் காணாமல் ஆக்கியது. 1977 ஏப்ரலில் தாய்மார் மே சதுக்கத்தில் கூடத் தொடங்கினார்கள். அவர்களோடு நின்று வேலைசெய்த உளவியலாளர்கள் தங்கள் பாடப்புத்தகத்தைத் திருத்தவேண்டி வந்தது. உண்மையைச் சொல்லாமல், உன் பிள்ளை இறந்ததாக ஏற்றுக்கொள் என்று தாயிடம் கேட்பது, கொலையின் பொறுப்பை அவள் கையில் கொடுப்பதாகும் என்றார்கள். அங்கே நோய் தாயிடம் இல்லை, வாய் திறக்காத அரசிடம் இருந்தது. 1994இல் அந்த நாடு, இறந்தவர் என்று சொல்லாமலே 'பலவந்தமாகக் காணாமல் ஆக்கப்பட்டவர்' என்ற நிலையைச் சட்டத்தில் ஏற்றது. இலங்கையில் 2016இல்தான், இறந்தார் என்னாமல் ஆளைக் காணவில்லை என்று மட்டும் சொல்லும் சான்றிதழ் வந்தது. அம்மா அதை எடுத்தார். தங்கையின் கலியாணமும் நடந்தது.

பிராய்டிடம் திரும்புகிறேன். 1920 ஜனவரியில் அவருடைய மகள் சோபி ஹம்பேர்க்கில் காய்ச்சலில் இறந்தாள். போருக்குப் பிந்திய காலம், ரயில் இல்லை, வியன்னாவிலிருந்து செத்தவீட்டுக்குப் போக முடியவில்லை. தொலைபேசியில் செத்தவீடு கேட்ட எங்களுக்கு இது விளங்கும். 1929இல், மகனை இழந்த நண்பர் பின்ஸ்வாங்கருக்கு எழுதிய கடிதத்தில், கூர்மையான துக்கம் தணிந்தாலும் அந்த இடத்தை எதுவும் நிரப்பாது, நிரப்பாமலிருப்பதே சரி, அன்பைத் தொடர அதுதான் வழி என்ற பொருளில் சொல்கிறார். 1917இன் கோட்பாட்டை அவரே திருத்திக்கொண்ட இடம் இது. 1938இல் அவரும் அகதியாகி லண்டன் போனார். வியன்னாவில் விட்டுவந்த நான்கு சகோதரிகளும் நாஜிகளின் முகாம்களில் இறந்தார்கள். அதை அறியாமலே 1939இல் அவர் கண்மூடினார். துக்கவேலை முடியும் என்று எழுதியவருக்கே அது முடியவில்லை. பிராய்டின் எழுத்தில் எனக்குப் பயன்படுவது இந்த முடியாமைதான்.

2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் உறவினர்கள் தெருவோரம் கொட்டில் போட்டு, படங்களைப் பிடித்தபடி உட்கார்ந்தார்கள். மற்ற மாவட்டங்களுக்கும் அது பரவியது. பலர் காத்திருந்தபடியே இறந்துபோனார்கள். போராட்டம் என்று மட்டும் அதைப் பார்ப்பது போதாது. ஊர் கூடுகிறது, ஒப்பாரி எழுகிறது, ஆனால் நடுவில் உடல் இல்லை, எட்டும் முப்பத்தொன்றும் இல்லை. திதியில்லாதவர்களுக்காக அந்தப் பெண்கள் கண்டுபிடித்த சடங்கு அது. ஒபயசேகர சொன்ன பண்பாட்டின் வேலை, சாஸ்திரத்தில் இல்லாத ஒன்றை உருவாக்கிக் காட்டியது.

2025இல் யாழ்ப்பாணம் செம்மணியில் 200க்கு மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிவந்தன. கூட எடுத்த உடுப்புகளையும் பொருட்களையும் அடையாளம் காட்டச் சொல்லி மக்கள் பார்வைக்கு வைத்தார்கள். அம்மாவும் போனார். அண்ணன் காணாமற்போனது முல்லைத்தீவில், அங்கே ஏன் போனீங்கள் என்று கேட்டேன். "தெரியும். ஆருடைய பிள்ளையெண்டாலும், ஆரும் ஒருக்கா வந்து பாக்கவேணுமெல்லோ" என்றார்.

புகலிடத்தில் நாங்கள் இந்தத் தாய்மாருக்குத் தொலைபேசியில் வைத்தியம் சொல்வதை நிறுத்தவேண்டும். முடித்துவிடுங்கோ என்று சொல்ல எங்களுக்கு உரிமையில்லை. முடிக்கவேண்டிய வேலை அவர்களுடையதல்ல. பிள்ளைகளை எங்கே கொண்டுபோனார்கள் என்பதைத் தெரிந்தவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். சொல்லவேண்டியது அவர்கள். அதுவரைக்கும் எங்களால் முடிந்தது, செத்தவீட்டு அயலவரைப் போல, கேட்காமலே சோறு கொண்டுபோய்ப் பக்கத்தில் இருப்பது.